வண்டியில் ஒரு குறையும் இல்லை

வண்டியில் ஒரு குறையும் இல்லை என்று நான் சொன்னேன். பொய் என்று தெரிந்தே சொன்னேன். கேட்டவர்கள் எழுந்து போனார்கள். அவர்களோடு ஒரு மனிதரின் பெயரும் போயிற்று. நடந்தது இவ்வளவுதான்; இனி எழுதப்போவது விவரம். படித்துவிட்டு யாரும் எனக்கு ஆறுதல் சொல்ல வர வேண்டாம். "வயசு அப்படி", "யாருதான் சார் செய்யல" என்று சொல்லக்கூடிய நண்பர்கள் எனக்கு ஏற்கெனவே போதுமான அளவு இருக்கிறார்கள்.

எண்பதுகளின் நடுவில் அருப்புக்கோட்டையிலிருந்து பாளையம்பட்டி போகும் சாலையில் எனக்கு ஒரு ஒர்க் ஷாப் இருந்தது. இயற்பியலில் பட்டம் வாங்கியிருந்தேன். அரசாங்க வேலைக்குக் காத்திருக்கப் பிடிக்காமல் கார்களுக்குக் கரண்டு வேலை பார்க்க உட்கார்ந்தேன். ஊரில் மற்ற மெக்கானிக்குகளை "ஏலே" என்றும் "அண்ணே" என்றும் கூப்பிட்டவர்கள் என்னை மட்டும் "சார்" என்றார்கள். அந்தச் சாருக்காக நான் எதையும் செய்வேன் என்பது எனக்கே அப்போது தெரியாது.

நான் பெயரைக் கெடுத்த அந்த மனிதர் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் கார் ஸ்டாண்டில் வண்டி போட்டிருந்தவர். சொந்த வண்டி, பழைய அம்பாசிடர். என்னைவிடச் சற்று மூத்தவர். நான் அவரை அண்ணே என்பேன். மீசையை முறுக்கிக்கொண்டு, வெள்ளைச் சட்டையில் ஒரு சுருக்கம் இல்லாமல் வருவார். கல்யாண ஓட்டம் என்றால் ஸ்டாண்டில் முதலில் அவரைத்தான் தேடுவார்கள். எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளை ஏறும் காருக்கு வண்டி மட்டும் நன்றாக இருந்தால் போதாது. ஓட்டுகிறவரின் கைராசியைப் பார்ப்பார்கள். அவர் ஏற்றிப் போன மாப்பிள்ளைகளுக்குத் தலைப்பிள்ளை ஆண் பிள்ளை என்று ஒரு பேச்சு இருந்தது. அதை அவர் மறுத்ததும் இல்லை.

ஒரு வைகாசி மாதம் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தினார். "ஓடுது சார், நல்லாத்தான் ஓடுது. சூடு ஏறுனா மாடு மாதிரி படுத்துக்கிருது. கொஞ்ச நேரம் கெடந்துட்டு அதுவா எந்திரிச்சு வருது. நாளைக்கு கல்யாண ஓட்டம். திருச்சுழிக்கு அங்கிட்டு போகணும்."

வெயில் காலத்தில் இப்படி நிற்கும் வண்டியைப் பார்த்தால் எங்கள் ஊரில் எல்லாரும் ஒன்றைத்தான் சொல்வார்கள்: பெட்ரோல் லாக். பெட்ரோல் சூட்டில் ஆவியாகிக் குழாயை அடைத்துக்கொள்கிறது என்று அர்த்தம். பம்பின் மேல் தண்ணீர் ஊற்றுவார்கள், ஈரத் துணி சுற்றுவார்கள். சிறிது நேரம் கழித்து வண்டி கிளம்பும். பார்த்தாயா, பெட்ரோல் லாக்தான் என்பார்கள். அந்த நேரத்தில் என்ஜின் முழுவதும்தான் ஆறியிருக்கும் என்பதை யாரும் யோசிப்பதில்லை.

நான் யோசித்தேன். அதில் எனக்குப் பெருமை. வண்டியை ஓடவிட்டு, நிற்கும்வரை காத்திருந்தேன். நின்றதும், பிளக்குகளுக்குக் கரண்டைப் பிரித்துக் கொடுக்கும் டிஸ்ட்ரிபியூட்டரின் மூடி நடுவிலிருந்து தடித்த ஒயரை உருவி, அதன் முனையை என்ஜின் இரும்புக்கு அருகில் பிடித்து, அவரை ஸ்டார்ட் செய்யச் சொன்னேன். நல்ல வண்டியில் அந்த இடைவெளியில் நீல நிறத்தில் பொறி பாயும், டப் டப் என்று சத்தம் கேட்கும். இதில் ஒன்றுமே வரவில்லை. பெட்ரோல் எவ்வளவு வந்தாலும் பற்றவைக்க நெருப்பு இல்லை. ஆறிய பிறகு அதே சோதனையைச் செய்தேன். நீலப் பொறி பாய்ந்தது. பொறிக்கு வேண்டிய மற்ற சாமான்களான பாயிண்டையும் கண்டன்சரையும் மாற்றிப் பார்த்தும் அதே கதை. மிஞ்சியது காயில்.

காயில் என்பது கைக்கு அடங்கும் ஒரு தகர டப்பா. உள்ளே மயிரிழை மாதிரி செம்புக் கம்பி ஆயிரக்கணக்கான சுற்று சுற்றியிருக்கும். பாட்டரியின் சின்ன வோல்டேஜை அது பெரிய வோல்டேஜாக்கி, பிளக்கில் பொறியாக்குகிறது. பழையதாகிவிட்டால் சூட்டில் கம்பி விரிந்து உள்ளே தொடர்பு விட்டுப்போகும். ஆறினால் சேர்ந்துகொள்ளும். குளிர்ந்த நிலையில் சோதித்தால் எந்தக் குறையும் காட்டாது. இதைக் கண்டுபிடித்தபோது நான் அவரிடம் ஒரு பாடமே நடத்தினேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அப்ப புதுசு போட்டுருங்க சார்" என்றார்.

புதுக் காயில் என்னிடம் இல்லை. மதுரைக்குப் போனால்தான் கிடைக்கும். அதைச் சொல்லியிருக்க வேண்டும். "நாளைக்கு வேறு வண்டியை அனுப்புங்கள்" என்று சொல்லியிருந்தால் அவருக்கு ஒரு ஓட்டம் போயிருக்கும், அவ்வளவுதான். ஆனால் இவ்வளவு பாடம் நடத்திவிட்டு, சாமான் இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. கொட்டகைக்குப் பின்னால் செத்துக் கிடந்த ஒரு காரிலிருந்து காயிலைக் கழற்றினேன். மண்ணெண்ணெயில் துடைத்து, பளபளப்பாக்கி மாட்டினேன். குளிர்ந்த என்ஜினில் பொறி பார்த்தேன். நீலம். "புதுசு போட்டாச்சுண்ணே" என்றேன். சூடேற்றிப் பார்க்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். பார்க்கவில்லை. பார்த்து, குறை தெரிந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயம். மதுரைக்கு அடுத்த முறை போகும்போது வாங்கிவந்து சத்தமில்லாமல் மாற்றிவிடலாம் என்று கணக்குப் போட்டேன்.

மறுநாள் மாப்பிள்ளையும் அவன் தகப்பனாரும் இன்னும் சிலரும் ஏறிய அந்தக் கார், இருபுறமும் சீமைக்கருவேலம் நிற்கும் பொட்டல் ரோட்டில், சூடு ஏறியதும் நின்றது. குடிக்கக் கொண்டுபோன தண்ணீரைப் பம்பின் மேல் ஊற்றினார்கள். கிளம்பியது. கொஞ்ச தூரம் போய் மறுபடி நின்றது. பட்டு வேட்டியோடு மாப்பிள்ளையே இறங்கித் தள்ளினான். கடைசியில் கரிமூட்டத்திலிருந்து கரி ஏற்றி வந்த ஒரு லாரியைக் கைகாட்டி நிறுத்தி, மாப்பிள்ளையை அதில் ஏற்றி அனுப்பினார்கள். கரி லாரியில் எதைத் தொட்டாலும் கரிதான். ஆலத்தியோடு வாசலில் நின்ற பெண்வீட்டார் முன்னால் மாப்பிள்ளை இறங்கியபோது வேட்டி, சட்டை, கன்னம் எல்லாம் கறுப்பு. முகூர்த்தம் தப்பியிருந்தது. தாலி வேறு நேரம் பார்த்துத்தான் கட்டினார்கள்.

கல்யாணச் சத்தம் அடங்கிய பிறகு வண்டியை டிராக்டரில் கட்டி இழுத்துக்கொண்டு என்னிடம் வந்தார். அதற்குள் நான் சேதி கேட்டு, முதல் பஸ்ஸில் மதுரைக்குப் போய்ப் புதுக் காயில் வாங்கி வந்துவிட்டேன். அவர் டீ குடிக்கப் போன நேரத்தில் மாட்டினேன். "என்ன சார் ஆச்சு?" என்று திரும்பி வந்து கேட்டார். பெட்ரோல் லாக் என்றேன். முந்தாநாள் எதை மூடத்தனம் என்று அவரிடம் பாடம் நடத்தினேனோ, அதையே சொன்னேன். அவர் தலையாட்டினார்.

இதோடு முடிந்திருக்கலாம். ஆடி மாதம் அந்த மாப்பிள்ளையின் தகப்பனார் நெஞ்சு வலியில் போய்ச் சேர்ந்தார். அதன்பிறகு ஒரு நாள் மாப்பிள்ளையின் தாய்மாமன் இரண்டு பெரியவர்களைக் கூட்டிக்கொண்டு என் ஒர்க் ஷாப்புக்கு வந்தார். அன்றைக்கு அந்த வண்டி பிளக் துடைப்பதற்காக என்னிடம் நின்றிருந்தது.

"படிச்சவுக நீங்க. நெசத்தச் சொல்லுங்க சார். வண்டியில கோளாறா, இல்ல அவன் கைராசியா? எங்க வீட்டுல எழவு விழுந்திருக்கு. நாங்க தெரிஞ்சுக்கிறணும்."

நான் வண்டியை ஸ்டார்ட் செய்தேன். புதுக் காயில். தையல் மெஷின் மாதிரி ஓடிற்று. அவர்கள் என்ஜினையும் என் முகத்தையும் பார்த்தார்கள்.

"வண்டியில ஒரு குறையும் இல்லங்க" என்றேன்.

ராசி என்ற சொல் என் வாயிலிருந்து வரவில்லை. அதை வைத்து நெடுங்காலம் என்னை நானே ஏமாற்றிக்கொண்டிருந்தேன். வராவிட்டால் என்ன? இரண்டில் ஒன்று என்று கேட்டார்கள். நான் ஒன்றை அடைத்தேன். மிச்சமிருந்த வழியில் அவர்கள் போனார்கள்.

அதன்பிறகு நடந்ததை நினைத்தால் இன்றைக்கும் உடம்பு கூசுகிறது. அந்த வண்டி எங்கும் நிற்காமல் ஓடிற்று. அது நன்றாக ஓட ஓட அவர் பெயர் கெட்டது. வண்டிதான் நன்றாக இருக்கிறதே, அப்புறம் யாரிடம் குறை? கல்யாண ஓட்டம் நின்றது. பிறகு சீமந்தம், காதுகுத்து. ஸ்டாண்டில் அவருக்கு அடுத்து வண்டி போடவே தயங்கினார்கள்.

"ஏலே, அந்தப் பக்கம் போடுலே, அண்ணன் நெழலு என் வண்டி மேல விழுது" என்று ஒரு இளவட்டம் பக்கத்து டிரைவரிடம் சொன்னதை நானே காதால் கேட்டேன். அவருக்கும் கேட்டது. "நெழலுக்கு வாடகை கேக்க மாட்டேன்லே, நில்லு" என்றார்.

பிழைப்புக்காக ஆஸ்பத்திரி ஓட்டத்துக்குப் போக ஆரம்பித்தார். அங்கிருந்து பிணம் ஏற்றுவதற்கு அதிக தூரம் இல்லை. மதுரை ஆஸ்பத்திரியில் இறந்தவர்களை ஊருக்குக் கொண்டுவர மற்ற கார்க்காரர்கள் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். ஒரு முறை பிணம் ஏற்றிய வண்டியில் மாப்பிள்ளை ஏற மாட்டான். இவருக்கு அந்தக் கவலை இல்லை. பின்சீட்டைக் கழற்றிவிட்டு வேப்பிலையும் எலுமிச்சம்பழமுமாகப் போய்வந்தார். மீசை மட்டும் இறங்கவே இல்லை. டீக்கடையில் யாரோ கேலி பேசியபோது அவர் சொன்னது ஊர் முழுக்கப் பரவிற்று: "கல்யாணத்துக்கு ஏறுனவுகதான் பாதி வழியில எறங்கிட்டாக. இப்ப ஏறுறவுக யாரும் எறங்குறேன்னு சொல்றதில்ல. ஒனக்கும் ஒருநாள் ஸீட்டு வெச்சிருக்கேன், அவசரப்படாத."

எல்லாரும் சிரித்தார்கள். நானும் அங்கே நின்று சிரித்தேன்.

வருடங்கள் போயின. வண்டியை அவர் என்னிடமேதான் கொண்டுவந்தார். பாயிண்ட் தேய்ப்பேன், பிளக் துடைப்பேன். என் வேலையில் ஒரு குறை இருக்காது. அதுதான் எனக்குத் தெரிந்த பிராயச்சித்தமாக இருந்தது. கேவலமான பிராயச்சித்தம், அவருக்குத் தெரியாமல் அவருக்குச் செய்த தயவு.

தொண்ணூறுகளில் அவர் மகளுக்கு மாப்பிள்ளை பார்த்தார்கள். ஒரே மகள். டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாள். மல்லாங்கிணறில் கடை வைத்திருந்த ஒரு குடும்பம் பெண் பார்த்து, பிடித்தது என்று சொல்லிவிட்டுப் போனது. பிறகு பையனின் சித்தப்பா விசாரிக்க வந்தார். யாரை விசாரிப்பார்? என்னைத்தான்.

"பொண்ணு தங்கம். ஆனா அவுக அப்பாவுக்கு ராசி இல்லைங்கிறாக. அந்தக் கரி லாரி சமாச்சாரம். வண்டியில குறை இல்லைன்னு நீங்களே சொன்னீகளாமே?"

என் பொய் இத்தனை வருடம் கழித்து, என் பெயரையே சாட்சியாகப் போட்டுக்கொண்டு, ஒரு பெண்ணின் கல்யாணத்தில் வந்து நின்றது. அன்றைக்கு அந்த ஆளிடம் உண்மையைச் சொன்னேன். குறை வண்டியில்தான், பழைய காயிலைப் புதுசு என்று மாட்டியவன் நான் என்றேன். அவர் எழுந்து என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"பெரிய மனசு சார் ஒங்களுக்கு. ஒரு பொண்ணு வாழணும்னு பழியத் தூக்கி ஒங்க தலையில போட்டுக்கிறீக. இந்தக் காலத்துல யாரு செய்வா?"

"அய்யா, பழி இல்லை, நெசம்."

"தெரியுது சார், தெரியுது" என்று சொல்லிவிட்டுச் செருப்பைப் போட்டார். அந்த வாரமே சம்பந்தம் வேண்டாம் என்று சேதி வந்தது.

பொய்யை நம்பிய ஊர் உண்மையை நம்ப மறுத்தது. என் மனைவி, "விடுங்க, ஊரே மறந்துபோனத ஏன் கெளறுறீக?" என்றாள். ஊர் மறக்கவில்லை, அதற்கு ராசி என்று வேறு பெயர் வைத்திருக்கிறது என்றேன். சட்டையை மாட்டிக்கொண்டு கார்க்காரர் வீட்டுக்குப் போனேன்.

மதுரை ஓட்டம் போய்வந்து வண்டியைக் கழுவிக்கொண்டிருந்தார். வாளியில் மஞ்சள் தண்ணீர். நான் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். அவர் துணியைப் பிழிந்தார்.

"திரும்பச் சொல்லுங்க" என்றார்.

சொன்னேன்.

"இன்னொருக்கா. சத்தமா."

சொன்னேன். வீட்டுக்குள் பாத்திரச் சத்தம் நின்றுவிட்டது. அவர் துணியை வாளிக்குள் போட்டார்.

"நானே நம்பிட்டேன் சார்" என்றார். "ஊருக்காரன் சொன்னா வாயில அடிப்பேன். ஆனா நெஞ்சுக்குள்ள நானே நம்பிட்டேன். எந்தங்கச்சி வளகாப்புக்குப் போய் வாசல்லயே நின்னுட்டு வந்தேன். எம்மக பெரிய பரிச்ச எழுதப் போனப்ப, கார வெச்சுக்கிட்டு அவள டவுன் பஸ்ஸுல ஏத்திவிட்டேன். என் கை பட்டா வெளங்காதுன்னு. அது ஒங்களுக்குத் தெரியுமா?"

தெரியாது என்றேன். மன்னிப்பு என்ற சொல் நாக்கு வரை வந்தது.

"அந்த வார்த்தைய மட்டும் எடுக்காதீக" என்றார். "எங்கிட்ட மூணு தடவ சொல்லிட்டீக. கேக்க வேண்டியவுக ஸ்டாண்டுல இருக்காக. அங்க வந்து சொல்லுங்க."

"நம்ப மாட்டாங்கண்ணே. ஏற்கெனவே ஒருத்தர் நம்பல."

"அப்ப நம்ப வையிங்க. அந்தப் பாழாப்போன காயிலு எங்க?"

ஒர்க் ஷாப்பில் எதையும் எறிவதில்லை. பழைய சாமான் பெட்டியில் கிடந்தது.

"அத என் வண்டியிலயே மாட்டுங்க. ஓட்டுறது நான் இல்ல, நீங்க. ராசியான கை ஒங்க கைதான? அந்தப் பேச்சுப் பேசுனவங்கள ஏத்திக்கிட்டு அதே ரோட்டுல போங்க. நான் வரல. டீக்கடையில ஒக்காந்திருப்பேன்."

சோதனை என்பது என்ன என்று எனக்குக் கல்லூரியில் சொல்லிக்கொடுத்தார்கள். ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை எடுத்துவிட்டுப் பார்க்க வேண்டும். அவர் சோதனை செய்யவில்லை, சவால் விட்டார். இரண்டும் ஒன்றாக இருந்தது.

மறுநாள் உச்சி வெயிலில் ஸ்டாண்டில் எல்லார் முன்னாலும் நல்ல காயிலைக் கழற்றிக் காட்டினேன். பழையதை மாட்டினேன். என்ன செய்தேன், யாரிடம் என்ன சொன்னேன் என்பதை டீக்கடை வரை கேட்கும்படி சொன்னேன். யாரோ விசில் அடித்தார்கள். "சாரு எலக்சன்ல நிக்கப் போறாரா?" என்று ஒருவர் கேட்டார். முன்சீட்டில் ஒரு மூத்த டிரைவர், பின்னால் இரண்டு பேர். அதில் ஒருவன், ஒரு காலத்தில் நிழல் விழுகிறது என்று வண்டியைத் தள்ளிப் போடச் சொன்ன அந்த இளவட்டம். இப்போது அவனுக்கும் தொந்தி விழுந்திருந்தது. நல்ல காயிலை மடியில் வைத்துக்கொள்ளச் சொல்லி அவனிடம் கொடுத்தேன்.

திருச்சுழி ரோட்டில் வண்டி சுகமாகப் போயிற்று. எனக்கு வியர்த்தது. இந்தப் பாவி டப்பா இன்றைக்கு மட்டும் வேலை செய்துவிட்டால்?

"என்ன சார், நல்லாத்தான போகுது" என்றான் பின்னாலிருந்தவன். "கதைய மாத்தி யோசிங்க."

"நான் டீசல் வண்டிக்கு மாறிட்டேன்ப்பா. காயிலும் இல்ல, கருமாதியும் இல்ல" என்றார் முன்சீட்டுக்காரர்.

அவர் சொல்லி முடிப்பதற்குள் வண்டி ஒரு முறை இருமிற்று. இன்னொரு முறை. பிறகு சத்தமே இல்லாமல் உருண்டு, கருவேலங்காட்டு ஓரம் நின்றது. என் வாழ்க்கையில் ஒரு வண்டி நின்றதற்காக நான் சந்தோஷப்பட்டது அன்றைக்குத்தான்.

முன்சீட்டுக்காரர் மெதுவாகக் கேட்டார்: "சார், இப்ப ராசியில்லாதது யாரு? ஓட்டுனது நீங்க. முன்னால ஒக்காந்தது நான்."

"பெட்ரோல் லாக்கா இருக்கும்ணே" என்று பின்னாலிருந்தவன் இறங்கித் தண்ணீர்ப் பாட்டிலைத் தூக்கினான். ஒரு சொட்டு ஊற்றக் கூடாது என்று கத்தினேன். தடித்த ஒயரை உருவி இரும்புக்கு அருகில் பிடித்தேன். மூத்தவரை ஸ்டார்ட் செய்யச் சொன்னேன். மற்ற இரண்டு பேரும் குனிந்து பார்த்தார்கள். பொறி இல்லை. கொதிக்கக் கொதிக்க அந்தக் காயிலைத் துணி வைத்துக் கழற்றி, தொந்திக்காரனிடம் கொடுத்திருந்த நல்ல காயிலை மாட்டினேன். இரண்டு சின்ன ஒயர், ஒரு பெரிய ஒயர். என்ஜின் ஆறவில்லை, தண்ணீர் படவில்லை. சாவியைத் திருப்பியதும் ஓடிற்று.

தொந்திக்காரன் அந்தச் சூட்டுக் காயிலைக் கையில் வாங்கி, சுட்டுக்கொண்டு, ரோட்டில் போட்டுவிட்டான். "இந்த டப்பாவுக்காகவா?" என்றான். "இந்த டப்பாவுக்காகவா அவுகள அந்தப் பேச்சுப் பேசுனோம்?"

"பேசுனது டப்பா இல்லலே, நீதான்" என்றார் மூத்தவர். என்னைப் பார்த்தார். "பேச வெச்சது இவரு."

திரும்பி வந்தபோது அவர் டீக்கடைப் பெஞ்சில் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். தொந்திக்காரன் போய் அவர் முன்னால் நின்றான். "ஒக்காருலே, டீ ஆறுது" என்றார். என்னிடம் கையை நீட்டினார். வண்டிச் சாவியைக் கொடுத்தேன். அதற்குப் பிறகு அவர் வண்டி என் ஒர்க் ஷாப் வாசலை மிதித்ததில்லை.

எனக்கு "பழைய காயிலு" என்று பெயர் வந்தது. ஸ்டாண்டில் சார் போயிற்று. பாதி வாடிக்கை போயிற்று. புதுச் சாமான் மாட்டினால், பெட்டியைப் பிரிக்காமல் கொண்டுவா, நாங்கள் பிரிக்கிறோம் என்றார்கள். சரி என்றேன். கடையை மூடிவிட்டு விருதுநகருக்குப் போய்விடலாம் என்று மைத்துனர் சொன்னார். மாட்டேன் என்றேன். இந்த ஊரில்தான் பொய் சொன்னேன், இந்த ஊரிலேயே அந்தப் பெயரோடு இருக்கிறேன் என்றேன். இருந்தேன்.

கல்யாண ஓட்டத்துக்கு அவரை மறுபடி கூப்பிட்டார்கள். ஒன்றுக்கும் போகவில்லை. "கெட்ட நேரத்துல என்னைய ஏத்துக்கிட்டவுகளுக்கு ஓட்டிட்டுப் போறேன்" என்று சொல்லிவிட்டாராம்.

திருச்சுழி ரோட்டில் நடந்தது மல்லாங்கிணறு வரை போயிருந்தது. ஒருநாள் அந்தச் சித்தப்பா மறுபடி வந்தார்.

"அப்ப நீங்க அன்னைக்குச் சொன்னது நெசந்தானா? அண்ணி ரொம்ப வருத்தப்படுறாக. எங்க பையனுக்கும் அந்தப் பொண்ணு மேலதான் மனசு. வெள்ளிக்கிழம பூ வெக்க வாரோம்னு நீங்களே ஒரு வார்த்த சொல்லிருங்க சார்."

கார்க்காரர் வீட்டுக்கு அன்றைக்கு நான் ஓடினேன் என்றே சொல்ல வேண்டும். உடைத்ததை ஒட்டிவிட்டேன் என்று நினைத்தேன். அவரும் மனைவியும் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவர் மனைவி முகத்தில் ஒரு வெளிச்சம் வந்ததைப் பார்த்தேன். அதற்குள் மகள் உள்ளேயிருந்து வந்தாள்.

"எனக்கு வேணாம்" என்றாள்.

"ஏன்டி? நீயும் சரின்னுதான சொன்ன?" என்றாள் தாய்.

"அப்பச் சொன்னேன்." என் பக்கம் திரும்பினாள். "அன்னைக்கு எங்கப்பாவுக்கு ராசியில்லன்னு போனாக. இன்னைக்கு ராசியில குறையில்லன்னு வாராக. நாளைக்கு அந்த வீட்டுல ஒரு மாடு செத்தா யாரு மொகத்தப் பாப்பாக சார்? அப்ப எந்தக் காயிலக் கழட்டிக் காட்டுவீக?"

அந்தக் காயில் நான் படித்த படிப்பில் எங்கும் இல்லை. அவள் தாய் அழ ஆரம்பித்தாள். அவர் மகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சிரித்தார். கேலிக்கு எதிர்க்கேலி பேசும் அந்தச் சிரிப்பு இல்லை. தோள் குலுங்க, கண்ணில் தண்ணீர் வர, என்னை மறந்துவிட்டுச் சிரித்தார்.

"கேட்டீகளா?" என்றார் கடைசியில். "நீங்க கொண்டாந்த சேதி. திருப்பிக் கொண்டுபோறதும் ஒங்க வேலைதான்."

பிறகு அவளுக்கு வேறு இடத்தில் கல்யாணம் ஆயிற்று என்று கேள்விப்பட்டேன். மாப்பிள்ளை அவளோடு இன்ஸ்டிடியூட்டில் வேலை பார்த்தவன். எனக்குப் பத்திரிகை வரவில்லை. வர வேண்டும் என்று நான் எதிர்பார்க்கவும் இல்லை.

மகள் வேண்டாம் என்ற அன்றைக்கே மல்லாங்கிணறு பஸ் ஏறினேன். கடைக்குப் பின்னால் வீடு. பையனின் தாயார் ஒரு தட்டில் வெற்றிலையை அடுக்கிக்கொண்டிருந்தார். பூ வைக்கும் நாளைக்கு ஏற்பாடு தொடங்கியிருந்தது. என்னைப் பார்த்ததும் உட்காரச் சொன்னார். நான் உட்காரவில்லை.

"பொண்ணு வேணாம்னு சொல்லிருச்சும்மா."

வெற்றிலை கையிலேயே நின்றது. "பொண்ணா? என்னங்க இது, நாங்கதான் ராசி கீசின்னு ஒண்ணும் பாக்கலன்னு எறங்கி வந்துட்டோமே? எங்க பையனுக்கு என்ன கொறை?"

"பையனுக்கு ஒரு கொறையும் இல்ல. நீங்க எறங்கி வந்ததுதான் அதுக்குப் பிடிக்கல."

"அவ கெடக்கா, சின்னப் பொண்ணு. பெத்தவரு என்ன சொன்னாரு? அவருக்காகத்தான நீங்க இம்புட்டும் பாடுபட்டீக? அவரு என்ன சொன்னாரு, அதச் சொல்லுங்க."

"அவரு சிரிச்சாரும்மா" என்றேன். "நான் பாத்து இத்தன வருசத்துல இன்னைக்குத்தான் அப்பிடிச் சிரிச்சாரு."

அந்தம்மாள் உள்ளே எழுந்து போய்விட்டார். போகச் சொல்லவும் ஆளில்லை. நான் வாசலுக்கு வந்து, பஸ் நிற்கும் இடத்தைப் பார்த்து நடந்தேன்.